பாங்குக்குக் காத்திருந்த கஞ்சி

அத்தா நோன்பு மாதம் முழுக்க வீட்டிலேயே இருந்தது அந்த வருஷம்தான் முதல் தடவை. அதற்கு முந்தைய வருஷம் பக்கவாதம் வந்து, பேச்சும் வலது கையும் போயின. விழுங்கவும் முடியாமல் போனது. தஞ்சாவூர் ஆஸ்பத்திரியில் வயிற்றில் சின்னதாகத் துளை போட்டு, இரைப்பைக்குள் நேராகப் போகும்படி ஒரு குழாய் வைத்து அனுப்பினார்கள். பென்சில் தடிமன். வெளியே ஒரு ஜாண் நீளத்துக்குத் தொங்கும், நடுவில் ஒரு கிளிப், முனையில் மூடி. மூடியைத் திறந்து பெரிய சிரிஞ்சை மாட்டி, கரைத்த சத்துமாவை அதில் ஊற்றி உயர்த்திப் பிடித்தால் சாப்பாடு தானாக இறங்கும்.

அம்மா இறந்து ஆறு வருஷம். அக்கா ஷார்ஜாவில் இருக்கிறாள். ஆக, வீட்டில் அத்தாவும் இளைய மகள் நானும்.

நான் படித்தது கருவியியல் பொறியியல். ரசாயன ஆலைகளில் குழாய்களின் அழுத்தத்தை அளக்கும் கருவிகளுக்கு வரைபடம் போடுவது என் வேலை. சென்னைக் கம்பெனிதான், ஆனால் வீட்டிலிருந்தே செய்ய விட்டிருந்தார்கள். குழாய் அடைப்பதும் அதை எடுப்பதும் எனக்குப் புதிதல்ல. ஒரு மனிதரின் வயிற்றுக்குள் போய் முடியும் குழாய்தான் புதிது.

நர்ஸ் சொன்னதையெல்லாம் கட்டிலுக்கு மேலே சுவரில் எழுதி ஒட்டியிருந்தேன். தலைப்பக்கம் உயர்த்தி உட்கார வை. முன்னால் தண்ணீர், பின்னால் தண்ணீர். மாத்திரைகளை ஒவ்வொன்றாகப் பொடித்துக் கரை, சாப்பாட்டோடு கலக்காதே. தோலைச் சுற்றிக் கழுவித் துடை. மொத்தம் பதினான்கு. ஒன்பதாவது, ‘கஞ்சி வகை வேண்டாம்.’ ஏன் என்று நர்ஸ் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை.

வருகிறவர்கள் எல்லோரும் குழாயைத்தான் விசாரித்தார்கள். புண் ஆகுமா, எத்தனை நாளைக்கு ஒருமுறை மாற்றணும், தூங்கும்போது கழன்று விழாதா என்று என்னிடம் கேட்டுவிட்டு, அத்தாவைப் பார்த்துத் தலையசைத்துவிட்டுப் போவார்கள். இருபது வருஷம் உரக்கடை வைத்திருந்தவர் அவர். எந்த வாய்க்காலில் எப்போது தண்ணீர் வரும், யார் வயலில் எந்த நெல் என்று எல்லாம் தெரிந்தவர். அவரிடம் யாரும் எதுவும் கேட்கவில்லை. அக்கா போனில் தினமும் கேட்பது ஒன்றுதான், சாப்பாடு இறங்குதா. இறங்குது என்பேன். வேலைக் கூட்டங்களில் பெரும்பாலும் மைக்கை மூடித்தான் வைத்திருப்பேன். சில நாள் சாயங்காலம் பால்காரரிடம் பேச வாயைத் திறக்கும்போது தொண்டை கட்டியிருக்கும்.

நோன்பு ஆரம்பித்து நாலாவது நாள், ஐந்தரை மணிச் சாப்பாட்டுக்கு நான் சிரிஞ்சோடு போனபோது அத்தா இடது கையால் குழாயின் மூடியை இறுகப் பிடித்துக்கொண்டார். வலிக்கிறதா என்று தோலைப் பார்த்தேன். வயிறு உப்பியிருக்கிறதா என்று தொட்டுப் பார்த்தேன். ஒன்றுமில்லை. மறுநாளும் அப்படியே செய்தார். அன்று நான் கட்டில் பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தேன். பள்ளிவாசலில் நோன்பு திறக்கும் பாங்கு சொன்னதும் கையை எடுத்துவிட்டார். காலையிலும் மதியத்திலும் சாப்பாடு ஏறிய உடம்புதான். அவருக்கு நோன்பு கடமையும் இல்லை. ஆனாலும் அந்த ஒரு வேளைக்கு அவர் பாங்குக்காகக் காத்திருந்தார். நான் அட்டவணையில் ஐந்தரையை அடித்துவிட்டுப் பாங்கு என்று எழுதினேன்.

எதிர்வீட்டு மாமியிடம் இதை நான் சொல்லியிருக்க வேண்டாம். ரெண்டு நாள் கழித்து, ஆறு மணிக்குக் கொஞ்சம் முன்னால், பள்ளிவாசல் நோன்புக் கஞ்சியை ஒரு தூக்குவாளியில் கொண்டு வந்துவிட்டார். இஞ்சி பூண்டும் வெந்தயமும் தேங்காய்ப்பாலும் மணக்க, வாசலிலேயே வீடு நிறைந்துவிட்டது. உள்ளே கட்டிலில் அத்தாவின் தலை திரும்பியது எனக்குத் தெரிந்தது.

"அண்ணனுக்கு ரெண்டு கரண்டி ஊத்திவிடும்மா. வருசம் பூரா மாவையே கரைச்சு ஊத்துற."

"அடைச்சுக்கும் மாமி."

"ஆலையையே ஓட்டுறவளாம். ஒரு கஞ்சிய வடிகட்டத் தெரியாதாக்கும்."

நான் ஆலை எதையும் ஓட்டுவதில்லை. ஆனால் அந்தப் பேச்சு வேலை செய்தது. கஞ்சி வேண்டாம் என்று நர்ஸ் சொன்னது பருக்கைக்காகத்தான் இருக்கும், பருக்கையை எடுத்துவிட்டால் காரணமும் போய்விடும் என்று கணக்குப் போட்டேன். அத்தாவின் பழைய வெள்ளை வேட்டியில் ஒரு துண்டு கிழித்து, இரண்டாக மடித்து, இரண்டு தடவை வடிகட்டினேன். வெந்நீர் விட்டு இளக்கினேன். கரண்டியிலிருந்து ஊற்றிப் பார்த்தேன், பால்போல ஓடியது. சிரிஞ்சில் ஊற்றித் தொட்டிக்கு மேல் பிடித்தும் பார்த்தேன். நன்றாக ஓடியது. கிண்ணத்தில் மூடி வைத்துவிட்டு அத்தாவை உயர்த்தி உட்கார வைத்தேன். பாங்குக்கு இன்னும் இருபத்தைந்து நிமிஷம் இருந்தது.

தவறு அந்த இருபத்தைந்து நிமிஷத்தில்தான் நடந்தது. வடித்த கஞ்சி ஆற ஆற இறுகும் என்பது இந்த ஊரில் அடுப்படிக்குப் போகிற எல்லோருக்கும் தெரியும். எனக்கும் தெரியும். சோதித்துப் பார்த்த பிறகு எதையும் காத்திருக்க வைக்கக் கூடாது என்பது என் தொழிலிலும் பாலபாடம். இரண்டும் அன்று ஞாபகத்துக்கு வரவில்லை.

பாங்கு கேட்டது. தண்ணீர் ஊற்றினேன், இறங்கியது. கஞ்சி ஊற்றினேன். ரெண்டு ஸ்பூன் அளவு மெதுவாகப் போனது. அப்புறம் சிரிஞ்சில் அதன் மட்டம் அப்படியே நின்றது.

அத்தா கண்ணை மூடியிருந்தார். முகம் நிறைவாக இருந்தது. சிரிஞ்சை இன்னும் கொஞ்சம் உயர்த்திப் பிடித்தேன்.

ஏழு மணிக்கு வலிப்பு மருந்து கொடுக்க வேண்டும். வாயால் கொடுக்க முடியாது, போகிற வழி இது ஒன்றுதான். இது திறக்காவிட்டால் வண்டி பிடித்துத் தஞ்சாவூர் போய்க் குழாயை மாற்ற வேண்டும். போன தடவை மாற்றியபோது அவர் கத்த முடியாமல் என் முழங்கையைப் பிடித்த இடம் நாலு நாள் நீலமாக இருந்தது.

கிளிப் திறந்திருக்கிறதா பார்த்தேன். குழாய் எங்கேயாவது மடங்கியிருக்கிறதா பார்த்தேன். சிரிஞ்சிலிருந்த கஞ்சியைக் கொட்டிவிட்டு, வெதுவெதுப்பான தண்ணீரைக் கொஞ்சம் ஏற்றி, முதலில் பின்னால் இழுத்தேன். சிரிஞ்சின் தண்டு வராமல் திரும்பிப் போனது. மெதுவாகத் தள்ளினேன், நகரவில்லை. தள்ளி, இழுத்து, தள்ளி, இழுத்து, பிறகு தண்ணீரை உள்ளேயே விட்டுக் கிளிப்பைப் பூட்டினேன். ஊறுவதற்குப் பத்து நிமிஷம். அந்த நேரத்தில் குழாயைத் தோல் பக்கத்திலிருந்து வெளிப்பக்கமாக விரல்களுக்கிடையில் உருட்டி உருட்டிப் பிசைந்தேன்.

சின்ன சிரிஞ்சைப் போட்டு அழுத்தினால் வேகம் கூடும், கூடவே குழாயும் வெடிக்கலாம். கம்பி விட்டுக் குத்தினால் இரைப்பை கிழியும். கை அதற்கெல்லாம் துடிப்பதை நானே பார்த்துக்கொண்டிருந்தேன். தெருவில் ஒரு சத்தமும் இல்லை. ஆண்கள் பள்ளிவாசலில், பெண்கள் அடுப்படியில். இந்த நேரத்தில் யாரையும் கூப்பிட முடியாது. கூப்பிட்டாலும் என்ன சொல்வது?

ரெண்டாவது தடவையும் நகரவில்லை. அதற்குள் அத்தா கண்ணைத் திறந்து என் கைகளைப் பார்த்துக்கொண்டிருந்தார். ஏழாகிவிட்டது. மூன்றாவது தடவை தண்ணீரை இன்னும் கொஞ்சம் சூடாக, மணிக்கட்டில் விட்டுப் பார்த்து எடுத்துக்கொண்டேன். ஊறவிட்டு இழுத்தபோது வெள்ளையாக ஒரு நூல், பசைபோல, சிரிஞ்சுக்குள் வந்தது. அதன் பின்னால் இன்னொன்று வந்தது. தள்ளினேன். தண்ணீர் போனது.

வலிப்பு மருந்து இருபத்தைந்து நிமிஷம் தாமதமாக இறங்கியது. மறுபடி தண்ணீர் விட்டு மூடியைப் போட்டபோதுதான் நான் இன்னும் நோன்பு திறக்கவில்லை என்பது நினைவு வந்தது. டம்ளரில் மீதியிருந்த அவருடைய வெதுவெதுப்பான தண்ணீரைக் குடித்தேன்.

எட்டு மணிக்கு மாமி தூக்கை வாங்க வந்தார். இறங்குச்சா என்று கேட்டார். இறங்குச்சு மாமி என்றேன். அவர் முகம் மலர்ந்துவிட்டது. வாசலில் நின்றபடியே உள்ளே பார்த்து, அண்ணே, நாளைக்கும் கொண்டாரேன் என்று சத்தமாகச் சொல்லிவிட்டுப் போனார். அத்தா என்னைப் பார்த்தார். எல்லாம் அவருக்குத் தெரிந்திருந்தது. நான் போய்த் தொட்டியில் சிரிஞ்சைக் கழுவினேன்.

மறுநாள் பெரிய தூக்கு வந்தது. தெரு முழுக்கச் செய்தி போயிருந்தது. காலையிலிருந்தே அத்தாவிடம் சொல்ல வேண்டியதை மூன்று பாயிண்டாக மனதில் வைத்திருந்தேன். அரிசி எப்படி இறுகுகிறது என்பது ஒன்று. குழாயின் உள்விட்டம் எவ்வளவு என்பது இரண்டு. பக்கத்தில் போய் உட்கார்ந்ததும் மூன்றாவதுதான் வந்தது.

"அத்தா, கஞ்சி இனிமே வேணாம். மறுபடி அடைச்சா தஞ்சாவூர் போகணும்."

அவர் இடது கையைத் தூக்கி மேஜைமேல் இருந்த தூக்கைக் காட்டினார். அந்தக் கையை அப்படியே என் பக்கம் திருப்பினார்.

பாங்கு சொன்னதும் அவருடைய மாவுக் கரைசலை ஊற்றினேன். அது ஒழுங்காக இறங்கியது. ஒரு கையால் சிரிஞ்சை உயர்த்திப் பிடித்தபடி, மறு கையால் கிண்ணத்தை எடுத்துக் கஞ்சியைக் குடித்தேன். அவர் கண்ணை மூடிக்கொண்டார். வாசனையைப் பிடிக்கிறாரா, தூங்குகிறாரா என்று தெரியவில்லை. கஞ்சி ருசியாகத்தான் இருந்தது. அதை அவரிடம் சொல்லலாமா என்று யோசித்தபடியே மீதியையும் குடித்தேன்.