வீட்டுப் பெயர் கேட்ட சேச்சி

சேச்சியின் சிரிப்பு திரையரங்கையே திரும்பிப் பார்க்க வைக்கும். தஞ்சோங் பகார் அலுவலகத்தில் என் மேலதிகாரி அவர், மலையாளி. அக்கா என்பதற்கு அவர்கள் மொழியில் சேச்சி. ‘மேடம்’ எல்லாம் வேண்டாமென்று முதல் வாரமே சொல்லிவிட்டார். மலையாளப் படம் வந்தால் சனிக்கிழமை மதியம் என்னையும் இழுத்துக்கொண்டு போவார். திரையின் கீழே ஓடும் ஆங்கில வரிகளைப் பிடித்துக்கொண்டு நானும் கதையைத் தொடர்வேன்.

எனக்குப் பொறாமையாகவே இருக்கும். நான் பார்த்து வளர்ந்த தமிழ்ப் படங்களில் கெட்டவன் வெளியூரிலிருந்து ஜீப்பில் வருவான். அவர்கள் படத்திலோ அவன் வீட்டுக்குள்ளேயே, செய்தித்தாளும் கையுமாக, தேநீர் கேட்டுக்கொண்டு உட்கார்ந்திருப்பான். பல நேரம் நல்லவனாகவும் இருப்பான். சொந்த ஊரை இப்படித் தோலுரிக்கும் படத்தை டிக்கெட் வாங்கிப் பார்த்து ரசிக்கிற ஜனங்களை என்னவென்று சொல்வது! “நம்ம அழுக்க நாமதானே துவைக்கணும் லா” என்பார் சேச்சி.

சென்ற ஆண்டு பார்த்த படத்தில் ஓய்வுபெற்ற ஆசிரியர் ஒருவர். மேடைதோறும் சாதி ஒழிப்புப் பேசுவார். மகள் காதலனை அழைத்து வந்ததும், முகமெல்லாம் சிரிப்பாக, “வீட்டுப் பெயர் என்ன?” என்பார். அங்கே ஒவ்வொரு குடும்பத்துக்கும் ஒரு வீட்டுப் பெயர் உண்டாம். அது தெரிந்தால் சாதியைத் தனியாகக் கேட்க வேண்டியதில்லை. அந்த இடத்தில் சேச்சி கண்ணில் நீர் வரச் சிரித்தார்.

அடுத்த வாரமே அவர் மகள், தான் மணக்க விரும்பிய பையனைப் பாசிர் ரிஸ் வீட்டுக்கு அழைத்து வந்தாள். அவனும் மலையாளிதான், இங்கேயே பிறந்தவன். துணைக்கு என்னையும் கூப்பிட்டிருந்தார் சேச்சி. நேந்திரங்காய் சிப்ஸை அவன் பக்கம் நகர்த்தியபடி, வெகு அன்பாக, “மோனே, நாட்டுல உங்க வீட்டுப் பேரு என்ன?” என்று கேட்டுவிட்டார்.

மகளின் முகம் கறுத்தது. “நாங்க கிளம்புறோம்மா” என்று எழுந்தாள். இந்தப் பெண் இப்போது போனால் திரும்ப மாட்டாள் என்று எனக்குப் பயமாக இருந்தது. பையன் பாவம், பதில் சொல்ல வாயைத் திறந்தான். சேச்சி சட்டென்று கையை நீட்டித் தடுத்தார்.

எனக்கும் சுருக்கென்றது. என் மகனின் தோழியிடம், “சொந்த ஊரு எந்தப் பக்கம்மா?” என்று இதே இனிப்போடு கேட்டவள்தான் நானும். அவள் முகம் மாறியபோது, சும்மாதான் கேட்டேன் என்று மழுப்பினேன்.

சேச்சி மழுப்பவில்லை. “சொல்லாதே மோனே,” என்றார். “தெரிஞ்சுட்டா என்னால மறக்க முடியாது.”

மகள் மறுபடி உட்கார்ந்தாள்.