ஷோபாவின் விடுமுறைப் பட்டியல்

ஆஸ்டின் டவுனில் ஒரு தொழிற்சங்க அலுவலகத்தில் ஷோபா எழுத்தர். வேலையை விட்டு நீக்கப்பட்டவர்கள் பத்து வேலை நாட்களுக்குள் கம்பெனியில் மேல்முறையீடு கொடுக்க வேண்டும். அந்தக் கடைசி நாளை எக்செல் ஃபார்முலா போட்டுச் சொல்வது அவள் பொறுப்பு. விரல்விட்டு எண்ணுபவர்களைக் கண்டாலே அவளுக்கு எரிச்சல்.

வியாழக்கிழமை காலை, தன் வருகைப் பதிவை நிரப்பும்போது கை நின்றது. ஜனவரி பதினைந்திலும் பதினாறிலும் அவள் வேலைக்கு வந்திருக்கிறாள். ஃபார்முலாவிலோ இரண்டும் விடுமுறை. வீட்டில் தொங்கும் தமிழ்க் காலண்டரைப் பார்த்துப் பொங்கல் விடுமுறை மூன்று நாளையும் ஏற்றியிருந்தாள். ஆனால் அலுவலகம் இருப்பது கர்நாடகத்தில்; இங்கே சங்கராந்திக்கு விடுமுறை ஒரு நாள்தான்.

இரண்டு தேதிகளையும் அழித்தாள். வேலையிலிருந்து நீக்கப்பட்ட செக்யூரிட்டி நாராயணசாமி மேல்முறையீடு கொடுக்க வேண்டிய கடைசி நாள் வெள்ளியிலிருந்து புதனுக்கு மாறியது. நேற்று.

விரல்களை மடக்கி மடக்கி எண்ணினாள். ஒவ்வொரு முறையும் புதன்தான் வந்தது.

வாசலில் யாரோ செருப்பைக் கழற்றும் சத்தம் கேட்டது. நாராயணசாமி, கையெழுத்துப் போட்ட மனுவோடு நின்றார்.

"நாளை வரைக்கும் டைம் இருக்குன்னு நீங்க சொன்னீங்க. எனக்குத்தான் மனசு கேக்கல, ஒரு நாள் முன்னாடியே வந்துட்டேம்மா."