ஐந்தில் இரண்டு

"வாய்மொழிக் கணக்கு: 0/10. கவனித்துக் கேட்கவும்." நான்காம் வகுப்பில் படிக்கும் என் மகளின் நோட்டில் ஆசிரியை சிவப்பு மையில் எழுதியது. கிழமை வெள்ளி. முந்தைய இரண்டு வெள்ளிக்கிழமைகளின் கீழும் அதே வாக்கியம் இருந்தது.

இந்த ஆண்டுதான் சுபாங் ஜெயாவிலிருந்து கிள்ளானுக்கு வீடு மாறினோம். மகளையும் மலாய்ப் பள்ளியிலிருந்து தமிழ்ப்பள்ளிக்கு மாற்றினோம். தமிழ் நன்றாகவே படிப்பாள். ஆனால் கணக்கை மூன்றாண்டு மலாயில் கற்றவள்.

"அடுத்த வெள்ளியும் முட்டை வாங்கினா, மறுபடி மலாய் ஸ்கூல்தான்," என்றாள் என் மனைவி.

மகள் அழுதுவிட்டாள். பள்ளி வேனில் பக்கத்தில் உட்கார இங்கேதான் அவளுக்கு ஒரு தோழி கிடைத்திருந்தாள்.

எனக்கு விளங்காதது ஒன்றே. வீட்டுப்பாடத்தில் இதே பின்னக் கணக்குகளை அவள் பிழையில்லாமல் போட்டிருந்தாள். ஆசிரியை வாசிக்கக் கேட்டு எழுதும்போது மட்டும் பூஜ்ஜியம். செவ்வாய்க்கிழமை மாலை, புத்தகத்தை அவளுக்குக் காட்டாமல் ஒரு கணக்கை நானே வாசித்தேன்: "ஒரு பலகாரத் தட்டில் இருபது கறிபாப் இருந்தன. அவற்றில் ஐந்தில் இரண்டு பாகம் விற்றுவிட்டது. விற்றவை எத்தனை?"

அவள் மளமளவென்று எழுதி, "ஐம்பது," என்றாள்.

"இருபது கறிபாப்ல ஐம்பது எப்படிம்மா விக்கும்?"

"பக்கத்துக் கடைல வாங்கி வித்திருப்பாங்கலா."

நோட்டைப் பார்த்தேன். மேலே ஐந்து, கீழே இரண்டு. பழைய மூன்று வெள்ளிக்கிழமைகளையும் புரட்டினேன். முப்பது பின்னங்களும் தலைகீழாக நின்றன.

"ஏன் அஞ்சை மேல எழுதின?"

"நீங்கதானே அஞ்சை முதல்ல சொன்னீங்க. மலாய்ல 'டுவா பெர் லீமா', ரெண்டுதான் முதல்ல வரும். முதல்ல கேக்கறதை மேல எழுதிடுவேன். தமிழ்ல எல்லாம் தலைகீழா சொல்றாங்கப்பா!"

நாற்பது ஆண்டுகளாக ஐந்தில் இரண்டு, எட்டில் மூன்று என்று சொல்லி வருகிறேன். கீழே இருக்கும் எண்ணைத்தான் நாம் முதலில் சொல்கிறோம் என்பதை அன்றுதான் கவனித்தேன். முழுவதையும் கேட்ட பிறகு எழுதச் சொன்னேன்.

"அதுக்குள்ள டீச்சர் அடுத்த கேள்விக்குப் போயிடுவாங்க," என்றாள். கொஞ்ச நேரம் பென்சிலைக் கடித்தாள். பிறகு வெறும் கோடு ஒன்றைப் போட்டு, அதன் கீழே ஐந்தையும் மேலே இரண்டையும் எழுதினாள். "கீழேருந்து ஏறிடலாம்லா. இன்னொண்ணு சொல்லுங்க."

சாப்பாட்டு நேரம் வரை சொல்லிக்கொண்டிருந்தேன்.

வெள்ளிக்கிழமை 9/10. தவறிய ஒன்றிலும் பின்னம் சரியாகவே இருந்தது. ஏழெட்டு ஐம்பத்து நான்கு என்று பெருக்கியிருந்தாள். மனைவி நோட்டை இரண்டு முறை பார்த்தாள்.

"சரி, இங்கேயே படி. ஆனா நாளைக்கு ஏழாம் வாய்ப்பாடு ஒப்பிக்கணும்."

"இப்பவே ஒப்பிக்கறேன்மா!" என்று தொடங்கியவள் ஏழெட்டில் மறுபடியும் சறுக்கினாள். மூவரும் சிரித்துவிட்டோம்.

அடுத்த திங்கட்கிழமை வீட்டுக்கு வந்ததும் ஒரு செய்தி சொன்னாள். இனிமேல் எல்லாரும் கோட்டை முதலில் போட்டு, கீழே இருந்து எழுத வேண்டும் என்று ஆசிரியை வகுப்புக்கே சொன்னாராம், அதுவும் அவளுடைய நோட்டைத் தூக்கிக் காட்டி. ஆசிரியையிடம் நான் இதைக் கேட்டு உறுதி செய்யவில்லை. இதையெல்லாம் எழுதிவைக்கும் என் குறிப்பேட்டில் 'மகள் சொன்னது' என்றே பதிந்திருக்கிறேன்.