எதிர் வீட்டு விளக்கு

கயலுக்கு இருட்டென்றால் பயம். இருபத்தாறு வயதில் இதை வெளியே சொன்னால் சிரிப்பார்கள் என்று யாரிடமும் அவள் மூச்சு விட்டதில்லை. அப்படிப்பட்டவளுக்கு வேலை கிடைத்தது எங்கே என்றால், ஈக்காட்டுத்தாங்கலில் ஒரு லேத் பட்டறைக்கு மேல்மாடியில், பேய் வீடியோ கேம் செய்கிற கம்பெனியில். கம்பெனி என்றால் பெரிதாக ஒன்றுமில்லை. தி.நகரில் அப்பாவின் ஜவுளிக்கடையில் உட்கார மாட்டேன் என்று அடம்பிடித்து வந்த பாலகணேஷ், இரண்டு கம்ப்யூட்டர், ஒரு ஃபேன். கேமை ஆடிப் பார்த்துக் குறை சொல்வது கயலின் வேலை. மூன்று மாதம் பார்த்துவிட்டு நிரந்தரமாக்குவதாகப் பேச்சு.

கேமில் விஷயம் ஒன்றுதான். ஆளில்லாத வீட்டில் அடிக்கடி கரண்ட் போகும். இருட்டில் நிற்க நிற்க, திரையின் ஓரத்தில் ஒரு சிவப்புக் கோடு ஏறும். அதுதான் பயம். அது உச்சிக்குப் போவதற்குள் டார்ச்சைத் தேடி எடுக்க வேண்டும்.

முதல் நாளே கயல் பாதி ஆட்டத்தில் கண்ணை மூடிக்கொண்டாள். பாலகணேஷ் டீ குடிக்கப் போன நேரம் பார்த்துத் தன் மானிட்டரின் வெளிச்சத்தை முழுக்கக் கூட்டிவைத்தாள். பேய் பட்டப்பகலில் பஸ்ஸுக்கு நிற்பது போல் நின்றது. ‘பயம்: பத்துக்கு இரண்டு’ என்று தினமும் எழுதிக் கொடுத்தாள். அந்த அப்பாவி அதை நம்பி, கேமை தினமும் இன்னும் கொஞ்சம் இருட்டாக்கினான்.

மூன்றாம் மாதக் கடைசியில் பாலகணேஷின் கம்ப்யூட்டரில் ஆடிப் பார்க்க வந்த கல்லூரிப் பிள்ளைகள், “மானிட்டர் ஆன்லதான் இருக்கா சார்?” என்று கேட்டுவிட்டு எழுந்து போனார்கள்.

பாலகணேஷின் முகம் தொங்கிவிட்டது. “நமக்கு இது வராது கயல். திங்கக்கிழமையிலருந்து அப்பா கடைக்கே போறேன்.”

வாயைத் திறந்தால் அவள் வேலை போகும். திறக்காவிட்டால் அவனுடைய இரண்டு வருட உழைப்பு போகும். கயல் நகத்தைக் கடித்துத் துப்பினாள். பிறகு மளமளவென்று கொட்டிவிட்டாள்.

“தப்பு என்துதான் சார். எனக்கு இருட்டுன்னா பயம். வெளிச்சத்த ஏத்தி வச்சிக்கினுதான் ஆடினேன்.”

“மூணு மாசமாவா?”

“ஆமா சார்.”

கத்துவான் என்று நினைத்தாள். அவன் கத்தவில்லை. மூன்று மாதத்துக்கு முந்தைய கேமை எடுத்துப் போட்டு, மானிட்டரைச் சரியாக வைத்து, ஜன்னல் திரையை இழுத்துவிட்டான். “இப்ப ஆடு. நான் பக்கத்துலயே இருக்கேன்.”

கேமில் கரண்ட் போனது. கயல் டார்ச்சை விட்டுவிட்டு, கேம் வீட்டின் ஜன்னலுக்கு நேராக ஓடினாள். அது திறக்கவில்லை. அங்கேயே முட்டிக்கொண்டு நின்றாள். கோடு ஏறி ஆட்டம் முடிந்தது. மறுபடி ஆடினாள், மறுபடியும் ஜன்னல்.

“டார்ச்சு மேஜையில இருக்குல்லா? ஜன்னல்ல என்ன இருக்கு?”

“இன்னா சார் நீங்க! கரண்ட் போனா மொதல்ல எதிர் வூட்ல கரண்ட் கீதா இல்லியான்னு பாக்க மாட்டீங்களா? அங்கயும் இல்லன்னாதான் மனசு நிக்கும்.”

அவள் குடும்பம் அடையாற்றங்கரைக் குடிசையில் இருந்தவரை கரண்ட் போனால் தெருவே வாசலுக்கு வந்து ஒருவரை ஒருவர் விசாரிக்கும். ஆற்றோரத்தைக் காலி செய்து, ஊருக்கு வெளியே ஏழாம் மாடியில் அரசாங்கம் வீடு கொடுத்த பிறகு, சுற்றிலும் மூடிய கதவுகள்தான். அவளுக்குப் பயம் தொற்றியது அங்கேதான்.

பாலகணேஷ் கடைக்குப் போகவில்லை. கேமில் ஜன்னலைத் திறந்துவிட்டான். இப்போது எட்டிப் பார்த்தால் எதிர் வீடும் இருண்டிருக்கும். “உங்க வூட்லயும் போச்சா?” என்று ஒரு குரல் கேட்கும், கயலின் குரல்தான். சிவப்புக் கோடு சரசரவென்று இறங்கும். கயலுக்குத் தலைகால் புரியாத சந்தோஷம்.

“கடைசித் தடவை கரண்ட் போறப்ப மட்டும் வேற ஏதாவது வைக்கணுமே” என்றான் அவன். அதையும் அவள்தான் சொன்னாள். சொன்னவளே அடுத்த வாரம் ஆடினாள். கரண்ட் போனது. ஜன்னலைத் திறந்தாள். எதிர் வீட்டில் விளக்கு எரிந்தது. பக்கத்து வீட்டிலும் எரிந்தது. தெரு முழுக்க எரிந்தது. யாரும் எதுவும் கேட்கவில்லை.

கயல் போட்ட அலறலில் கீழே லேத் நின்றது. பாலகணேஷ் டீ கிளாஸோடு ஓடிவந்தான். “என்னாச்சு?”

“சூப்பரா கீது சார்” என்றாள், நெஞ்சைப் பிடித்துக்கொண்டு.

பத்துக்குப் பத்து போட்டாள். சாயங்காலம் வேலை நிரந்தரமான கடிதத்தில் கையெழுத்துப் போடும்போதும் அவள் ஜன்னல் பக்கம் திரும்பிப் பார்த்துக்கொண்டேதான் இருந்தாள்.