ரோமாபுரி ஐயா

நுவரெலியாவுக்குப் பிரஜாவுரிமை விசாரணைக்குப் போன எனக்குக் கிடைத்தது பிரஜாவுரிமை இல்லை, ரோமாபுரியின் வரலாறு.

விசாரித்த ஐயா யாழ்ப்பாணத்தவர். ஒல்லியான உடம்பு, கழுத்துவரை பொத்தான் போட்ட கோட்டு. குளிருக்குக் கையுறை மாட்டியிருப்பார். கையெழுத்துப் போடுவதற்கு மட்டும் அதை விரல் விரலாகக் கழற்றுவார். சீமைக்குக் கப்பலில் போன வழியில் ரோமாபுரியில் மூன்று நாள் தங்கியவராம். நான் டயகம தோட்டப் பள்ளிக்கூடத்து வாத்தியார் என்றதும், பேச ஆள் கிடைத்துவிட்டது அவருக்கு.

ஓநாயிடம் பால் குடித்த அண்ணன் தம்பியில் தொடங்கி, குடியரசு, சக்கரவர்த்திகள் என்று நூற்றாண்டு நூற்றாண்டாக நடந்து வந்தார். வெளியே, தாத்தா காலத்தில் இந்தியாவிலிருந்து தேயிலைத் தோட்டத்துக்கு வந்த எங்கள் சனம் மழையில் வரிசையாக நின்றது.

“ரோமாபுரி ஏன் உலகத்தை ஆண்டது தெரியுமோ? வந்தவன் எல்லாரையும் பிரஜையாக்கினவங்கள். ஸ்பெயினில பிறந்தவனும் அங்க சக்கரவர்த்தியா இருந்தவன்” என்று சொல்லிக் கையுறையைக் கழற்றினார்.

எனக்குத் தைரியம் வந்துவிட்டது. “நான் டயகமயிலயே பொறந்தவனுங்க ஐயா. எங்க அப்பாவும் அங்கதாங்க பொறந்தாரு.”

கையெழுத்து விழவில்லை. கையுறை விரல் விரலாக மறுபடி ஏறியது.

“அப்பிடி எல்லாருக்கும் குடுத்துத்தான், மாஸ்டர், ரோமாபுரி அழிஞ்சது” என்றவர் அடுத்த ஆளைக் கூப்பிட்டார்.

நான் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுக்கும் பூமிசாஸ்திரத்தில் ரோமாபுரி இன்றைக்கும் இத்தாலியின் தலைநகரம். மூன்று நாள் அங்கேயே தங்கி வந்தவருக்கு அது எப்படி அழிந்த ஊராகத் தெரிந்தது என்பதுதான் எனக்கு இன்னும் விளங்கவில்லை.