தோளில் பதிந்த என் ஐந்து விரல்கள்

இரும்புலியூரிலிருந்து பொத்தேரிக்குத் தினமும் பைக்கில் போய் வருவதால் என் கணவருக்கு ஓயாத இடுப்புவலி. ஒரு வீடியோவைப் பார்த்து, நல்லெண்ணெயில் எலுமிச்சை எசென்ஷியல் ஆயில் கலந்து மசாஜ் எண்ணெய் தயாரித்தேன். சில சொட்டுகள் போதும் என்றார்கள். நானோ வாசனைக்கு ஆசைப்பட்டு அரை பாட்டிலைக் கவிழ்த்துவிட்டேன்.

ஞாயிற்றுக்கிழமை காலை இடுப்பில் நன்றாகத் தேய்த்துவிட்டு, "குளிக்கிறதுக்கு முன்னாடி மாடி வெயில்ல கொஞ்சம் ஊறுங்க" என்று எண்ணெய்க் கையாலேயே தோளைத் தட்டி அனுப்பினேன்.

மறுநாள் மாலை, "எரியுது, என்னன்னு பாரேன்" என்று சட்டையைக் கழற்றினார். எனக்கு உயிரே போய்விட்டது. இடுப்பு முழுக்கக் கொப்புளம். தோளில் சூடு போட்டதுபோல என் ஐந்து விரல்களும் சிவந்து கிடந்தன!

தோல் டாக்டர் என்னை ஒரு மாதிரி பார்த்தார். நடந்ததைச் சொன்னதும், "எலுமிச்சை எண்ணெய் தடவிட்டு வெயில்லயா உட்கார வச்சீங்க? வெயில் பட்டா அது தோலையே சுட்டுடும்மா" என்றார்.

இப்போதெல்லாம் எங்கள் வீட்டில் வெறும் நல்லெண்ணெய்தான். கொப்புளம் ஆறிவிட்டது. விரல் தடம் மட்டும் கறுத்துப்போய் அப்படியே இருக்கிறது. அவர் சட்டை மாற்றும்போதெல்லாம் நான் முகத்தைத் திருப்பிக்கொள்கிறேன்.