கமராவுக்கு முதுகு காட்டியவன்

நான் ஐந்தாம் வகுப்போடு கடலுக்குப் போனவன். நாலு பேர் பார்த்தால் நடக்கவே கூச்சப்படுவேன். அப்படிப்பட்ட நான் ஒரு சண்டைப் படத்தில் ஆறு பேராக நடித்திருக்கிறேன்.

எண்பத்து மூன்றுக் கலவரத்தில் கொழும்பிலிருந்து ஊர்காவற்றுறைக்கு வந்து சேர்ந்தவர்களில் ஒரு அண்ணையும் அவர் மனைவியும் இருந்தார்கள். அண்ணை கராத்தே பழகியவர். அங்கே பத்து வருடம் சினிமாவில் கதாநாயகர்களுக்குப் பதிலாகக் குதித்தவர், உதை வாங்கியவர். அதனால் ஒரு படத்திலும் அவர் முகம் வந்ததில்லை. ஒன்றிலாவது வர வேண்டும் என்று, தானே தயாரித்துத் தானே நாயகனாக ஒரு வீடியோப் படம் எடுத்தார்.

கடைசிச் சண்டை மட்டும் மிச்சம். யாழ்ப்பாணத்தில் கலியாண வீடியோ எடுக்கும் ஒருவர் கமராவோடு வந்திருந்தார். அந்தக் கிழமையே வெளிநாடு போகிறவர். பின்னேர பஸ்ஸுக்கு முன் முடியாவிட்டால் படமே இல்லை.

அடி வாங்கும் ஆறு அடியாட்களாக, ஆளுக்கு இரண்டு வேடம் என்று, எங்கள் கோயில் கூத்தில் ஆடும் மூன்று பேரை அண்ணை பிடித்திருந்தார். எனக்குத் தகரம் பிடித்து, வெயிலை அண்ணையின் முகத்துக்குத் திருப்பும் வேலை.

அண்ணை உதைத்தார். முதலாமவர் உடனே விழவில்லை. நெஞ்சைப் பிடித்து ஒரு சுற்றுச் சுற்றி, கமராவுக்கு நேரே வந்து, கையை உயர்த்தி, பிறகுதான் மெல்லச் சரிந்தார்.

"அண்ணை, சாகிற ஆள் ஏன் என்னைப் பார்க்கிறார்?" என்றார் கமராக்காரர்.

மற்ற இருவரும் அப்படியே செத்தார்கள்.

"தம்பி, சபைக்கு முதுகு காட்டிச் சாகிறதோ? கூத்துப் பழக்கின அண்ணாவியார் அறிஞ்சால் பிறகு எங்களை மேடையில ஏத்தார்," என்றார் முதலாமவர்.

"இஞ்ச சபை எங்க கிடக்கு? கமராதானே நிக்குது!"

"அதுதான் சபை."

நாலு தரம் எடுத்தும் சரிவரவில்லை. கமராவுக்கு ஒரு பற்றரிதான் மிச்சம். அண்ணை மணலில் குந்திவிட்டார். தேத்தண்ணி கொண்டுவந்த அவர் மனைவி என்னையே பார்த்தார்.

"இஞ்சேருங்கோ, இவரைப் பாருங்கோ. காலமையிலயிருந்து கமராவுக்கு முதுகு காட்டிக்கொண்டுதான் நிக்கிறார்."

நான் தகரத்தால் முகத்தை மறைத்துக்கொண்டேன். "ஐயோ அக்கா, எனக்கு ஏலாது. சனம் பார்க்குது."

"உம்மட முகத்தை ஒருத்தரும் காணாயினம்," என்று அண்ணை எழும்பினார். "அங்கால பார்த்து விழும். அது போதும்."

உதையின் காற்று மட்டும் கன்னத்தில் பட்டது. அலை தூக்கி எறிந்து பழகிய உடம்பு, அப்படியே போய் விழுந்தேன்.

"இதுதான்!" என்று கமராக்காரர் கத்தினார். "இன்னும் அஞ்சு பேர் வேணுமே?"

பார்த்துக்கொண்டு நின்றவர்களின் சேட்டுகளைக் கழற்றி வாங்கினோம். ஒவ்வொன்றாக மாற்றி மாற்றி விழுந்தேன். கூத்துக்காரர் மூவரும் தகரத்தைப் பிடித்தார்கள். பஸ் ஹோர்ன் அடிக்கும்போது கடைசி ஆளும் விழுந்துவிட்டான்.

ஒரு ஞாயிறு பூசை முடிய, கோயில் மண்டபத்தில் ரீவியும் வீடியோ டெக்கும் வைத்துப் படம் போட்டார்கள். நான் கடைசியில் கதவோரம் நின்றேன். ஒருவரும் என்னை அடையாளம் காணவில்லை. சேட்டுகளைத்தான் கண்டுபிடித்தார்கள்.

"அங்க பார், என்ர மனுசன்ர சேட்டுக்கு விழுகிற உதையை!"

"நல்லா வேணும் அதுக்கு!"

சிரிப்பு அடங்கும் முன், திரை நிறைய அண்ணையின் முகம் வந்தது. வெயில் சரியாக நெற்றியில் விழுந்திருந்தது. பக்கத்தில் நின்ற அவர் மனைவி எனக்கு மட்டும் கேட்கச் சொன்னார்:

"கொழும்பில எத்தினை படம் பார்த்தனான் தம்பி. எந்த முதுகு இவரின்ர எண்டு தேடிக்கொண்டே இருப்பன். இண்டைக்குத்தான் தேடாமல் பார்க்கிறன்."

சனம் விடவில்லை. இன்னொருக்கால் போடச் சொன்னது.

அண்ணை பிறகும் வேறொரு கமராக்காரரைப் பிடித்து இரண்டு படம் எடுத்தார். இரண்டிலும் விழுந்தவன் நான்தான். கடைசிப் படத்தில், விழப்போகும் நேரம் ஒரு கணம் கமராவைத் திரும்பிப் பார்த்துவிட்டேன். வெட்டிவிடுவார் என்று நினைத்தேன். அண்ணை அதை வெட்டவில்லை.